அஷர் மாளிகையின் வீழ்ச்சி: ஒரு சிறுகதையும் இரு சோதனைக் குறும்படங்களும்

‘அஷர் மாளிகையின் வீழ்ச்சி’ அமெரிக்க எழுத்தாளர் எட்கர் ஆலன் போ (1809–1849) எழுதிய சிறுகதை. 1839 செப்டம்பரில் பிலடெல்பியாவிலிருந்து வெளிவந்த ‘பர்ட்டன்ஸ் ஜென்டில்மேன்ஸ் மேகசின்’ இதழில் முதன்முதலாக அச்சானது. ஏறக்குறைய 7,000 சொற்கள் கொண்ட இக்கதை உலக இலக்கியத்தின் திகில் கதைகளுள் முதல் வரிசையில் வைத்து எண்ணப்படுகிறது. பல நாடுகளில், பல மொழிகளில் இது திரைப்படமாகியுள்ளது. அவற்றுள் இரண்டு, பதினைந்து நிமிட அளவே ஓடும் சோதனைக் குறும்படங்கள். ஒன்று, ஜேம்ஸ் சிப்ளி வாட்சனும் மெல்வில் வெப்பரும் 1928இல் அமெரிக்காவில் எடுத்த மௌனப்படம். மற்றொன்று, யான் ஷ்வாங்க்மயெர் 1980இல் செக்கோஸ்லோவாக்கியாவில் எடுத்த படம். முதற்படம் கதையின் சொற்களைக் கைவிட்டு மனிதர்களை வைத்துக்கொண்டது. இரண்டாவது படம் மனிதர்களைக் கைவிட்டுச் சொற்களை வைத்துக்கொண்டது. வாசகனைக் கலங்கச் செய்யும் ஓர் இலக்கியப் படைப்பு திரைக்கு வரும்போது எது நிலைக்கிறது, எது இழக்கப்படுகிறது என்பதை அறிய இவ்விரு படங்களையும் அருகருகே வைத்துப் பார்ப்பது பயன் தரும்.

கதைச் சுருக்கம்

பெயர் சொல்லப்படாத ஒருவர் இலையுதிர்காலத்து மாலைப்பொழுதில் குதிரையில் அஷர் மாளிகைக்கு வருகிறார். இளமைக்கால நண்பன் ராட்ரிக் அஷர் தன் மனநோயைக் குறிப்பிட்டு, உடனே வரும்படி கடிதம் எழுதியிருக்கிறான். மாளிகையின் முன்னே அசைவற்ற கரிய நீர்நிலை. மாளிகையின் முகப்பில் கூரையிலிருந்து அடிவரை வளைந்து வளைந்து இறங்கும், கண்ணுக்கு எளிதில் தென்படாத ஒரு விரிசல்.

ராட்ரிக்கின் புலன்கள் அளவுமீறிக் கூர்மை அடைந்துள்ளன. மங்கிய வெளிச்சம்கூட அவன் கண்ணை வருத்துகிறது. சில நரம்பிசைக் கருவிகளின் ஒலியைத் தவிர வேறெந்த ஒலியையும் அவனால் தாங்க முடியவில்லை. மாளிகையின் கற்களுக்கும் உணர்வு உண்டு, அவையே தன் குடும்பத்தின் விதியை வடிவமைத்தன என்று அவன் நம்புகிறான். அவனுடன் பிறந்த இரட்டையான மேடலின், உடல் விறைத்து உணர்விழக்கும் நோயால் அவதிப்படுகிறாள். ஒருநாள் அவள் இறந்துவிட்டதாக ராட்ரிக் அறிவிக்கிறான். நண்பர் இருவரும் உடலைச் சுமந்து சென்று மாளிகையின் அடியிலுள்ள நிலவறையில் வைக்கின்றனர். அவள் கன்னத்தில் இலேசான செம்மை படர்ந்திருப்பதைக் கதைசொல்லி காண்கிறார். ஆயினும் பெட்டியின் மூடி திருகி மூடப்படுகிறது. இரும்புக் கதவும் சாத்தப்படுகிறது.

சில நாள்கள் கழித்து ஒரு புயல் இரவில், ராட்ரிக்கை அமைதிப்படுத்தக் கதைசொல்லி ஒரு பழைய வீரக்கதையை உரக்க வாசிக்கிறார். அக்கதையில் வரும் ஒவ்வோர் ஒலிக்கும் மாளிகையின் அடியிலிருந்து ஓர் ஒலி எதிர்வருகிறது. அப்போது ராட்ரிக் உண்மையைச் சொல்லிவிடுகிறான்: தங்கையை உயிருடன் புதைத்துவிட்டோம்; அவள் அசையும் ஒலியைப் பல நாள்களாகக் கேட்டும் வாய்திறக்க அஞ்சினேன். கதவு திறக்கிறது. குருதி படிந்த ஆடையுடன் நிற்கும் மேடலின் அண்ணன்மீது விழ, இருவரும் மடிகின்றனர். கதைசொல்லி தப்பியோடுகிறார். விரிசல் அகன்று, மாளிகை நீர்நிலைக்குள் அமிழ்கிறது.

கலக்கம் பிறக்கும் இடம்

இக்கதையில் பேய் இல்லை. உயிருடன் புதைக்கப்பட்ட ஒரு பெண் வெளியே வருகிறாள், பழைய கட்டடம் ஒன்று இடிகிறது, நடப்பவை அவ்வளவே. இந்நிகழ்ச்சிகளை வரிசையாகச் சொல்லிவிட்டால் கலக்கம் எழாது. கதையின் அச்சத்துக்கு மூன்று ஊற்றுகள் உள்ளன.

முதலாவது, கதைசொல்லியின் நம்பகமின்மை. அவர் தெளிந்த அறிவுடையவர்போலப் பேசுகிறார். நண்பனின் எண்ணங்களை மனநோய் என்று ஒதுக்குகிறார். ஆனால் மாளிகையில் தங்கத் தங்க அந்நோய் அவரையும் தொற்றுகிறது. அவர் கண்டதில் எது உண்மை, எது மயக்கம் என்று வாசகரால் பிரித்தறிய முடிவதில்லை.

இரண்டாவது, உயிருள்ளவற்றுக்கும் உயிரற்றவற்றுக்கும் இடையிலுள்ள எல்லை அழிவது. தலைப்பிலுள்ள ‘ஹவுஸ்’ என்னும் ஆங்கிலச் சொல் கட்டடத்தையும் குடியையும் ஒருசேரக் குறிக்கும். கட்டடத்தின் விரிசலும் குடும்பத்தின் அழிவும் வேறுவேறல்ல.

மூன்றாவது, கேட்டும் பேசாதிருந்த குற்றம். பல நாள் கேட்டுக்கொண்டிருந்தவன் ராட்ரிக். பெட்டியை மூட உதவியவர், கன்னத்துச் செம்மையைக் கண்டவர், கதைசொல்லி. வாசகர் இதுவரை துணையாக நம்பிவந்த குரலே இக்குற்றத்தில் பங்குடையது. கதையின் அறக்கேள்வி இங்கேதான் இருக்கிறது.

திகில் கதை என்ற பெயரில் பெரும்பாலும் முதல் இரண்டைப் பற்றியே பேசுவர். மூன்றாவதைக் காக்கும் தழுவல்கள் குறைவு.

ஏன் குறும்படம்?

நத்தானியேல் ஹாதார்னின் கதைத்தொகுப்பு ஒன்றுக்கு 1842இல் எழுதிய மதிப்புரையில் போ தம் சிறுகதைக் கொள்கையை விளக்கினார். கதையை ஒரே அமர்வில் வாசித்து முடிக்க வேண்டும். அரைமணி முதல் இரண்டு மணி நேரத்துக்குள் அது அடங்க வேண்டும். தொடக்கம் முதல் முடிவு வரை ஒவ்வொரு சொல்லும் ஒரே உணர்வு விளைவை நோக்கிச் செல்ல வேண்டும் என்பது அதன் சாரம். இடையில் எழுந்து போய்த் திரும்பினால் அவ்விளைவு சிதறிவிடும்.

இக்கதையை முழுநீளப் படமாக்கியவர்கள் இந்த இடர்ப்பாட்டை எதிர்கொண்டனர். பிரெஞ்சு இயக்குநர் ழான் எப்ஸ்டீன் 1928இல் எடுத்த ஒரு மணி நேரப் படத்தில் மேடலின் தங்கையாக இல்லாமல் மனைவியாகிறாள். போவின் மற்றொரு கதையான ‘நீள்வட்ட ஓவியம்’ இதனுடன் இணைக்கப்பட்டு, ராட்ரிக் தன் மனைவியை ஓவியமாகத் தீட்டத் தீட்ட அவள் உயிர் வடிகிறது. முடிவில் இருவரும் தப்பிவிடுகின்றனர். அமெரிக்காவில் ராஜர் கோர்மன் 1960இல் எடுத்த வண்ணப்படத்தில் பெயரற்ற கதைசொல்லி மேடலினை மணக்கவிருக்கும் இளைஞனாகிறான். காதல் என்ற நோக்கம் வந்தவுடன் அவன் பார்வையாளர் ஐயமின்றி நம்பத்தக்க நாயகனாகிவிடுகிறான். எப்ஸ்டீனின் மெதுநகர்வுக் காட்சிகள் புகழ்பெற்றவை. கோர்மனின் படமும் பெரும் வெற்றி கண்டது. ஆனால் இரண்டும் கதையின் நீளத்தைக் கூட்டுவதற்காக உறவுகளுக்குத் தெளிவான காரணங்களைச் சேர்த்தன. காரணம் தெளிவானால் கலக்கம் குறைகிறது. குறும்படத்துக்கு இத்தகைய சேர்க்கைகள் தேவையில்லை. கதை விளக்காமல் விட்டதை அதுவும் விளக்காமல் விடலாம்.

வாட்சன், வெப்பர் படம் (1928)

ஜேம்ஸ் சிப்ளி வாட்சன் மருத்துவப் பட்டம் பெற்றவர். ‘தி டயல்’ என்னும் இலக்கிய இதழின் உரிமையாளர்களுள் ஒருவர். டி. எஸ். எலியட்டின் ‘பாழ்நிலம்’ கவிதையை 1922இல் அமெரிக்காவில் வெளியிட்ட இதழ் அது. மெல்வில் வெப்பர் கலை வரலாறு கற்றவர். கோடாக் நிறுவனத்தின் ஊரான ராச்செஸ்டரில், தொழில்முறைப் படப்பிடிப்பு நிலையம் எதன் துணையுமின்றி, இருவரும் சொந்த முயற்சியில் இப்படத்தை எடுத்தனர். வாட்சனின் மனைவி ஹில்டகார்ட் மேடலினாகவும், ஹெர்பர்ட் ஸ்டெர்ன் ராட்ரிக்காகவும், வெப்பர் வருகையாளராகவும் நடித்தனர். 13 நிமிடம் ஓடும் கறுப்பு வெள்ளைப் படம் இது.

அக்கால மௌனப்படங்களில் உரையாடலையும் கதைத் தொடர்ச்சியையும் விளக்க இடையிடையே எழுத்து அட்டைகள் காட்டப்படும். வாட்சனும் வெப்பரும் அவற்றைக் கைவிட்டனர். யார் வருகிறார், ஏன் வருகிறார், அப்பெண் யார் என்பதைப் படம் சொல்வதில்லை. கதையை முன்பே வாசிக்காதவருக்கு நிகழ்ச்சிகளைப் பின்தொடர்வது கடினம்.

அதற்கு மாறாகப் படம் வேறொன்றைச் செய்கிறது. கண்ணாடிப் பட்டகங்கள் வழியாகவும் இரட்டைப் பதிவுகள் வழியாகவும் காட்சி உடைந்து பலவாகிறது. படிக்கட்டுகள் ஒன்றன்மேல் ஒன்றாகப் பெருகுகின்றன. சுவர்கள் சாய்கின்றன. சவப்பெட்டிகள் வெளியில் மிதக்கின்றன. ‘டாக்டர் கலிகாரியின் பேழை’ (1920) என்னும் ஜெர்மானியப் படத்தின் கோணலான அரங்க அமைப்பின் செல்வாக்கு இங்கே தெரிகிறது. ஆனால் அப்படத்தில் கோணல் அரங்கத்தில் இருந்தது; இதில் பார்வையிலேயே இருக்கிறது. கதையில் ராட்ரிக்கின் நரம்புத் தளர்ச்சியை நண்பரின் வருணனை மூலம் அறிகிறோம். படத்தில் வருணிப்பவர் இல்லை. வெளிச்சமும் அசைவும் ராட்ரிக்கை எப்படி வருத்துமோ அப்படிப் பார்வையாளரை வருத்துகின்றன. நோயாளியைப் பற்றிய செய்திக்குப் பதிலாக நோயே திரையில் இருக்கிறது.

கதையின் உச்சகட்டம் முழுவதும் ஒலிகளால் ஆனது. மௌனப்படம் அதை எவ்வாறு காட்டும்? அடித்தல், பிளத்தல், அலறல் ஆகியவற்றைக் குறிக்கும் ஆங்கிலச் சொற்களின் எழுத்துகள் திரையில் பறந்து நகர்கின்றன. அவை விளக்க அட்டைகள் அல்ல. அவற்றைப் படித்துப் பொருள் கொள்வதைவிட, அவை கண்முன் வந்து மோதுவதே முதன்மை. சொல்லைக் கைவிட்ட படம், ஒலி தேவைப்பட்ட இடத்தில் சொல்லை ஒரு பொருளாகவே மாற்றிக் கொண்டுவந்தது. தழுவலில் மூலத்தின் ஒரு கூறுக்கு ஈடான வேறொரு கூற்றைக் கண்டறிவது என்றால் என்ன என்பதற்கு இக்காட்சி நல்ல எடுத்துக்காட்டு.

இப்படம் 2000ஆம் ஆண்டில் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. இருவரும் பின்னர் ‘சோதோமில் லோத்து’ (1933) என்னும் படத்தையும் எடுத்தனர். வாட்சன் பிற்காலத்தில் ஊடுகதிர் கொண்டு உடலின் உட்புற இயக்கத்தைத் திரைப்படமாகப் பதிவு செய்யும் மருத்துவ ஆய்வில் ஈடுபட்டார்.

ஷ்வாங்க்மயெர் படம் (1980)

யான் ஷ்வாங்க்மயெர் 1934இல் பிராக் நகரில் பிறந்தவர், மீயதார்த்தக் கலைஞர். பொம்மலாட்டக் கலையைப் பயின்று திரைத்துறைக்கு வந்தவர். 1970களில் அரசின் எதிர்ப்பால் சில ஆண்டுகள் படம் இயக்க முடியாத நிலை அவருக்கு ஏற்பட்டது. அக்காலத்தில் தொடு உணர்வைக் கலைக்குரிய புலனாக்கும் முயற்சிகளில் ஈடுபட்டார். மீண்டும் படமெடுக்க வந்தபின் உருவான படைப்புகளுள் ஒன்று ‘அஷர் மாளிகையின் வீழ்ச்சி’. கறுப்பு வெள்ளையில் அமைந்த இப்படம் ஏறக்குறைய 15 நிமிடம் ஓடுகிறது.

படத்தில் நடிகர் எவரும் தோன்றுவதில்லை. செக் நடிகர் பெட்ர் செபெக்கின் குரல் போவின் கதையைச் சொல்லிச் செல்கிறது. திரையில் தெரிபவை சேறு, மரவேர், உதிரும் சுவர், நாற்காலி, ஆணி, சவப்பெட்டி. ஒவ்வொரு சட்டகத்துக்கும் பொருளைச் சிறிது நகர்த்திப் படம்பிடிக்கும் அசைவூட்ட முறையால் இவை தாமாகவே இயங்குகின்றன. சவப்பெட்டி சுமப்பாரின்றி நகர்ந்து செல்கிறது. கதையில் ராட்ரிக் பாடும் பாடல் ஒலிக்கும் இடத்தில், களிமண் தானே பிசைபட்டு, விரல் பதிந்த தடங்களோடு உருமாறிக்கொண்டே இருக்கிறது. பிசையும் கை மட்டும் காணப்படுவதில்லை. இயக்குநரின் தொடு உணர்வு ஆய்வின் பயனை இக்காட்சியில் தெளிவாகக் காணலாம். பார்ப்பவரின் விரல்நுனி அந்த ஈரத்தை உணர்கிறது. இறுதியில் மாளிகையின் தளவாடங்கள் வெளியே பாய்ந்து சேற்றில் மூழ்குகின்றன.

பொருள்களுக்கு உணர்வுண்டு என்பது கதையில் ராட்ரிக்கின் கருத்து. கதைசொல்லி அதை ஏற்பதில்லை. மறுமொழி சொல்லவும் தேவையில்லை என்று கடந்துவிடுகிறார். ஷ்வாங்க்மயெர் படத்திலோ அக்கருத்தே திரையுலகின் இயற்கை விதியாகிறது. காதில் ஒலிப்பது ஐயுறும் கதைசொல்லியின் குரல். கண்ணில் படுவது ராட்ரிக் சொன்னது சரி என்பதற்கான சான்று. குரலும் காட்சியும் ஒன்றையொன்று மறுக்கின்றன. பின்னணிக் குரல் வைத்த இலக்கியத் தழுவல்களில் பெரும்பாலும் குரல் சொன்னதையே காட்சி திரும்பக் காட்டும். அதனால் இரண்டில் ஒன்று வீணாகும். இங்கே இரண்டும் தேவைப்படுகின்றன. கதைசொல்லியின் நம்பகமின்மை என்ற முதல் ஊற்றை இப்படம் இவ்வாறு காத்துக்கொள்கிறது.

ஒப்பீடும் மதிப்பீடும்

வாட்சன், வெப்பர் படத்தின் வலிமை ராட்ரிக்கின் புலன்களைப் பார்வையாளருக்குத் தருவதில் இருக்கிறது. ஷ்வாங்க்மயெர் படத்தின் வலிமை மாளிகையையே கதைமாந்தர் ஆக்குவதில் இருக்கிறது. இரண்டும் கதைக்குப் படம் போட்டுக் காட்டும் வேலையைத் தவிர்த்து, கதை எதனால் கலங்கச் செய்கிறது என்ற கேள்வியிலிருந்து தொடங்கியவை. இதுவே இவற்றின் பொதுச் சிறப்பு.

மூன்றாவது ஊற்றான குற்றத்தைக் கணக்கில் கொண்டால் இரு படங்களின் குறையும் வெளிப்படும். கேட்டும் பேசாதிருந்தேன் என்று ராட்ரிக் ஒப்புக்கொள்ளும் இடம் கதையில் சொல்லால் மட்டுமே நிகழ்கிறது. 1928ஆம் ஆண்டுப் படத்தில் சொல் இல்லாததால் அந்த ஒப்புதல் இல்லை. ராட்ரிக் நடுங்குகிறான், நடுக்கத்தின் காரணம் நோயா, குற்றவுணர்வா என்பது தெரிவதில்லை. ஆனால் மேடலின் அப்படத்தில் ஓர் உடலாக, ஒரு முகமாக இருக்கிறாள். அவள் எழுந்து வருவதைக் காணும்போது, புதைக்கப்பட்டவள் ஒரு மனுஷி என்பதைப் பார்வையாளர் மறக்க முடியாது.

1980ஆம் ஆண்டுப் படத்தில் நிலைமை தலைகீழ். குரல் இருப்பதால் ஒப்புதலுக்கு இடம் இருக்கிறது. ஆனால் யாருக்கு எதிராக அக்குற்றம் இழைக்கப்பட்டதோ அவளுக்குப் படத்தில் உருவம் இல்லை. மேடலின் ஒரு சவப்பெட்டியாகிவிட்டாள். நாற்காலியும் களிமண்ணும் உயிர் பெற்ற உலகில், உயிரோடிருந்த பெண் மட்டும் பொருளாக்கப்படுகிறாள். போவின் கதையிலும் மேடலின் ஒரு சொல்கூடப் பேசுவதில்லை. ஆகவே இக்குறையின் விதை மூலத்திலேயே இருக்கிறது என்று வாதிடலாம். எனினும் கதையில் அவள் கதவருகே வந்து நிற்கிறாள். அவள் ஆடையில் குருதியும் போராட்டத்தின் தடயங்களும் உள்ளன. வெளியேற அவள் பட்ட பாடு வாசகர் கண்முன் வருகிறது. அந்தச் சில வரிகளின் கனத்தை ஷ்வாங்க்மயெரின் பொருள்கள் சுமக்கவில்லை. கலைநுட்பத்தில் இவ்விரு படங்களுள் முதிர்ந்தது அதுவே ஆயினும், கதையின் அறக்கேள்விக்கு அருகில் நிற்பது எளிய அட்டை அரங்குகளில் எடுக்கப்பட்ட 1928ஆம் ஆண்டுப் படம் எனலாம்.

இக்குறைக்கு ஒரு வகையில் விடையாக ஷ்வாங்க்மயெரின் அடுத்த போ தழுவலைக் கொள்ள முடியும். ‘குழி, ஊசல், நம்பிக்கை’ (1983) என்னும் அக்குறும்படம், போவின் ‘குழியும் ஊசலும்’ கதையையும் வில்லியே த லீல்-ஆதாம் எழுதிய ஒரு கதையையும் இணைத்தது. அதில் கதைசொல்லும் குரல் இல்லை. சித்திரவதைக்குள்ளான கைதியின் கண்களே காமிராவாகின்றன. அவனுடைய கையும் காலும் மட்டும் சட்டகத்துக்குள் வருகின்றன. போவின் கதை கைதி காப்பாற்றப்படுவதோடு முடிகிறது. படம் அம்முடிவைத் தள்ளிவிட்டு, தப்பிவிட்டதாக நம்பியவன் மீண்டும் பிடிபடும் முடிவை மற்றக் கதையிலிருந்து எடுத்துக்கொண்டது. மூலத்திலிருந்து இது பெரிய விலகல். ஆயினும் துன்பப்படுபவர் யார் என்பதை ஒரு நொடியும் மறக்கவிடாத படம் அது.

மாணவர்க்கு

இலக்கியத் தழுவல்களை மதிப்பிடும்போது மூலத்தில் இருந்த எவையெல்லாம் விடுபட்டன என்று பட்டியலிடுவது வழக்கம். 13 நிமிடப் படத்தில் பெரும்பகுதி விடுபடத்தான் செய்யும்; அப்பட்டியலால் அதிகம் தெரிந்துகொள்ள இயலாது. அதைவிட, கதையில் அச்சத்தைத் தாங்குபவர் யார், படத்தில் அதைத் தாங்குபவர் யார் என்று கேட்டால் தழுவலின் நோக்கமும் அதன் விலையும் ஒருசேரப் புலப்படும். போவின் கதையை முதலில் ஒரே அமர்வில் வாசித்துவிட்டு, பின் 1928ஆம் ஆண்டுப் படத்தையும் 1980ஆம் ஆண்டுப் படத்தையும் அதே வரிசையில் பார்ப்பது நல்லது. மூன்றுக்கும் சேர்த்து இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகாது. மேடலின் வரும் இடங்களை மட்டும் மூன்றிலும் குறித்து வைத்துக்கொண்டு ஒப்பிட்டால், இக்கட்டுரையின் முடிவை ஏற்கவோ மறுக்கவோ தேவையான சான்றுகள் வாசகர் கையிலேயே இருக்கும்.